பனிவரையும் தமிழ்ப் பாட்டும்

யாப்பருங்கலக் காரிகை இயற்றிய அமிதசாகரர், புலவர் அவையிலே தம் நூலை வைக்குங்கால், இமயமலையைச் சேர்ந்த கருங்காக்கையும் பொன்னிறம் பெறும் என்று உலகம் கூறுவதைத் தமக்குத் துணையாகக் கொண்டார். கற்றோர் முன்னிலையில் தம் எளிய சொல்லும் அவ்வாறே சிறப்பெய்தும் என்பது அவர் கருத்து. இவ்வுவமையைப் படிக்கும் மாணாக்கர் காக்கையைப் பற்றி வினவுவதுண்டு. இமயத்தைப் பற்றி ஒருவரும் வினவுவதில்லை. இமயம் அனைவர்க்கும் தெரிந்த பொருள் என்றே கொள்ளப்படுகின்றது. சங்கப் பாட்டிலும் சிலம்பிலும் தேவாரத்திலும் புராணத்திலும் அம்மலை இடையறாது வந்து நிற்றலால், தமிழன் அதனைத் தன் ஊர்க் குன்றுபோல் அறிவான் என்ற எண்ணம் எங்ஙனமோ வேரூன்றிவிட்டது. தமிழ்ப் புலவர் இமயத்தைக் கண்டது கண்டபடி பாடினர் என்று பாடக் குறிப்புகள் பலவும் எழுதுகின்றன. இக்கூற்று புலவரைப் போற்றுவதுபோல் தோன்றி அவருடைய உண்மையான பெருமையை மறைத்து விடுகின்றது. ஆகலின் இது சற்று ஆராயத்தக்கது.

முதற்கண் சொல்லை நோக்குதல் வேண்டும். தமிழிலே வானினின்று வெண்பஞ்சுபோல் வீழ்ந்து நிலத்தை மூடும் பொருளுக்குத் தனிச்சொல் இல்லை. பனி என்னும் சொல்லே அதற்கும் வழங்குகின்றது. ஆனால் முன்பனி, பின்பனி எனத் தொல்காப்பியர் பெரும்பொழுது வகுத்தபோது குறித்தது புல்நுனியில் நிற்கும் நீர்த்துளியும் விடியற்குளிருமே. பனித்தல் என்பதற்கு நடுங்குதல் என்ற பொருளும் உண்டு. ஆலங்கட்டி என்னும் சொல் உண்டு. அது கோடை மழையோடு வருவது. இலங்கையின் மிக உயர்ந்த சிகரமாகிய பிதுருதலாகலை 2,524 மீற்றர் உயரமுடையது. அதன் தலையிலும் மூடுபனி உளதேயன்றிப் பனிப்படலம் இல்லை. நுவரெலியாவிலே தை மாத விடியலிற் சிலநாள் புல் வெளுத்துக் கிடப்பதே இந்நாட்டார் காணத்தக்க உறைபனி. கல்லடியில் வாழ்வார்க்கோ ஒருபுறம் வாவி, மறுபுறம் கடல், நடுவே மணல். மலை என்றால் மேற்கே நெடுந்தொலைவிற் குடும்பிமலை. இத்தகைய நிலத்து மாணாக்கன் காரிகையார் பனிசூழ் இமயம் என்று கூறுவதைப் படிக்கும்போது அவன் உள்ளத்தில் எழுவது மார்கழிக் காலையேயாகும். பாடிய புலவர் பலர் உள்ளத்தும் எழுந்தது அதுவே எனக் கொள்வதில் இழுக்கில்லை.

சான்றுகளை நோக்குவோம். புறநானூற்றின் இரண்டாம் பாட்டில் முரஞ்சியூர் முடிநாகராயர் சேரமான் பெருஞ்சோற்று உதியஞ்சேரலாதனை வாழ்த்துகின்றார். இமயமும் பொதியமும் போல் நடுக்கின்றி நிலைபெறுக என்பது வாழ்த்து. அவ்விமயத்தில் மாலைப்பொழுதிலே அந்தணர் வளர்த்த முத்தீயின் ஒளியில் மான்பிணைகள் துயில்கின்றன. மிக அழகிய காட்சி. ஆயின் இது தவச்சாலைக் காட்சி. பொதியத்தின் அடிவாரத்திலும் இதனை அப்படியே வைக்கலாம். மலைக்குப் பொன்முடி கூறிய ஓரிடத்தில் மட்டுமே வடநாட்டுக் காற்று வீசுகின்றது. ஞாயிறு தோன்றும் வேளையிலும் மறையும் வேளையிலும் பனிமுடிகள் பொன்னாய்த் தோன்றுதலை அங்குச் சென்று மீண்டார் எவரும் மறப்பதில்லை. அச்செய்தி வணிகர் வாயிலாகவோ துறவியர் வாயிலாகவோ தெற்கே வந்து, பொற்கோடு என்ற அடையாக நிலைத்து, பின்னர்க் காக்கையையும் பொன்னாக்கும் கதையாக வளர்ந்திருத்தல் கூடும். (காக்கையினத்துள் மஞ்சள் அலகுடைய ஒருவகைக் கரும்பறவை அம்மலைகளில் மெய்யாகவே வாழ்கின்றது, எவரெஸ்ற் சிகரம் ஏறினாரை 8,000 மீற்றருக்கு மேலும் அது தொடர்ந்து சென்றதாகக் குறிப்புகள் உள. அதன் இறகு இன்னும் கருமையாகவே இருக்கின்றது.)

பதிற்றுப்பத்தின் இரண்டாம் பத்தில் குமட்டூர்க் கண்ணனார், இமயவரம்பன் நெடுஞ்சேரலாதனைப் பாடுமிடத்து, முருக்க மரங்கள் செறிந்த சாரலிலே துயிலும் கவரிமா, அருவியையும் நரந்தம்புல்லையும் கனவு காண்பதாகக் கூறுகின்றார். இதனையே பலர் நேரிற்கண்ட காட்சிக்குச் சான்றாகக் காட்டுவர். ஆனால் கவரி குளிர் மிகுந்த உயர்நிலத்து விலங்கு. முருக்கு வெப்பநிலத்து மரம். இரண்டும் ஒரு சரிவில் ஒருங்கே இருத்தல் அரிது. புலவர் செய்தது யாது? கேள்வியால் அறிந்த விலங்கொன்றை எடுத்துத் தாம் கண்டறிந்த மலையிற் கொண்டுவந்து கிடத்தினார். ஆயினும் அவ்விலங்கு கனவு காண்கின்றது என்றாரே, அங்கேதான் கவி இருக்கின்றது. துயிலும் விலங்கின் உள்ளத்துள் புகுந்து அது விரும்பும் புல்லையும் நீரையும் காணும் கண், மலையைக் கண்ட கண்ணினும் அரிது. இவ்வருமையை விடுத்து, புலவர் இமயஞ் சென்று மீண்டார் என்று வரலாறு புனைவது வீண்வேலை.

கண்டு பாடுதல் எத்தகையது என அறிய வேண்டுவார் காளிதாசனது குமாரசம்பவத்தின் முதற் சருக்கத்தை ஒப்புநோக்குக. அங்கே பனி அடைமொழியாய் நில்லாது, காலில் உறுத்துகின்றது. கல்லாய் இறுகிய பனிப்பாதையில் நடக்குங்கால் கின்னர மகளிரின் விரலும் குதியும் நோகின்றன. யானையைக் கொன்ற சிங்கத்தின் குருதிச்சுவட்டைப் பனிநீர் கழுவிவிடுதலால், நகத்திடை உதிர்ந்த முத்துக்களைக் கொண்டு வேடர் வழி அறிகின்றனர். முத்து வடமொழிக் கவிமரபு. ஆனால் சுவட்டைக் கழுவும் பனி மரபன்று. பனி ஒரு குறையே என ஒப்புக்கொண்டு, பல குணங்களிடையே அது மறையும் என்று காளிதாசன் அமைதி கூறுவதும் கவனிக்கத்தக்கது. பனியின் துன்பத்தை அறியாதவனுக்கு அதனைக் குறையெனக் கூறத் தோன்றாது.

தமிழ் மூவேந்தர் இமயத்தில் வில்லும் புலியும் கயலும் பொறித்தனர் என்னும் செய்தி மேடைகளில் மிகுதியும் முழங்கப்படுவது. அதன் வரலாற்றுண்மை இங்கு ஆராயப்படவில்லை. இலக்கிய நோக்கில் ஒன்று கூறலாம்: அரசர்க்குரிய இமயம் எல்லைக்கல்லே அன்றி மலையன்று. காரிகிழார் பாண்டியனுக்கு வடவெல்லையாக அதனைக் கூறுகின்றார். செங்குட்டுவனுக்கோ அது பத்தினிக் கடவுள் படிவத்துக்குக் கல் கொடுக்கும் இடம். வஞ்சிக்காண்டத்தைத் தொடர்ந்து படிப்பார்க்கு ஒரு வேற்றுமை தெற்றென விளங்கும். காட்சிக் காதையிலே சேரநாட்டு மலைவாணர் கொணர்ந்த காணிக்கைகளை இளங்கோவடிகள் ஒவ்வொன்றாய் எண்ணுகின்றார். யானைக்கோடு, அகில், கவரி, தேன்குடம், சந்தனம் என அவ்வரிசை நீண்டு செல்ல, மலையே இறங்கி வந்து மன்னன் முன் நிற்பதுபோற் தோன்றுகின்றது. கால்கோட் காதையில் இமயத்தை எய்தியபின் அவ்வளமெல்லாம் எங்கோ ஒளிந்துகொள்ள, போரும் தோற்றோரும் கல்லுமே எஞ்சுகின்றன. அடிகளின் பேனா தெரிந்த மலையில் தங்கிற்று. தெரியாத மலையை விரைந்து கடந்தது. இது குறையன்று, நேர்மை. கண்டது கண்டபடி என்ற புகழ்மொழி இந்நேர்மையைக் காணவிடுவதில்லை.

இனி, வடமலையைப் பற்றிய மெய்க்காட்சி பழந்தமிழில் அறவே இல்லையோ எனின், உண்டு. ஆனால் அது மலையில் நின்று கண்டதன்று, குமரித்துறையில் நின்று கண்டது. கோப்பெருஞ்சோழனின் நண்பர் பிசிராந்தையார், குமரித்துறையில் இரைதேர்ந்து வடமலைக்குப் பெயரும் அன்னச்சேவலை விளித்து, இடையே உறையூரிலே தங்கித் தம் பெயரைச் சோழனுக்குச் சொல்லுக எனப் பாடினார். இதனை வெறுங் கற்பனை என்று நெடுங்காலம் எண்ணியோர் உளர். ஆனால் திபெத்து ஏரிகளிலே குஞ்சு பொரிக்கும் பட்டைத்தலை வாத்துகள் இமயத்தைத் தாண்டித் தெற்கே வந்து, நெல்லை மாவட்டத்துக் கூந்தன்குளத்தில் மாரியைக் கழித்து, வேனில் வருமுன் மீண்டும் வடக்கே செல்லுதலை இன்று பறவைநூலார் உறுதிப்படுத்தியுள்ளனர். அப்பறவை பெரும்பாலும் புல்லும் தானியமும் உண்பது. பிசிராந்தையாரின் அன்னமோ அயிரைமீன் தின்கின்றது. ஆகவே இரண்டும் ஒன்றே எனத் துணிவதற்கில்லை. எனினும் ஒரு பறவை குமரியினின்று வடமலைக்கு ஆண்டுதோறும் செல்லும் என்னும் அறிவு அப்புலவர்க்கு இருந்தது. மலையைக் காணாதவர், மலைக்குப் போவதைக் கண்டார். இமயத்தைப் பற்றித் தமிழர் பாடியவற்றுள் இதற்கு இணையானது மற்றொன்றே. அது நக்கீரர் திருமுருகாற்றுப்படையில் முருகன் பிறந்த இடமாகக் காட்டும், நெடிய சிகரத்து நீலமும் பசுமையும் கலந்த சுனை. பனியாறுகள் பாறையை அரைத்த நுண்துகள் நீரில் மிதத்தலால் உயர்மலைச் சுனைகள் அந்நிறம் பெறுகின்றன என்பது இக்கால விளக்கம். நக்கீரர்க்கு அவ்விளக்கம் தெரியாது. நிறம் மட்டும் எவ்வாறோ தெரிந்திருந்தது.

சமயப் பாடல்களுக்கு வரும்போது மலையின் பெயர் மாறுகின்றது, இமயம் கயிலையாகின்றது. இலங்கைச் சைவனுக்குக் கயிலை அயலதன்று. திருஞானசம்பந்தர் பதிகங்களிற் பெரும்பாலானவற்றின் எட்டாம் பாட்டிலே இலங்கை வேந்தன் கயிலையை எடுத்து நெரிந்த கதை வருதலால், ஓதுவார் பாடுந்தோறும் தன் நாட்டரசன் அம்மலையடியில் அழுந்துவதை அவன் கேட்கின்றான். திருக்கோணமலையைத் தட்சிண கைலாசம் என்றே அவன் முன்னோர் வழங்கினர். ஆயினும் எட்டாம் பாட்டுக்களில் வரும் கயிலை நிறமும் குளிரும் உடைய மலையன்று. அது ஒரு பாரம். பெயர்த்தவன் தோளில் ஏறுவது, ஒரு விரலால் அழுந்துவது. வேறோரிடத்தில் அது வெள்ளிமலை; மற்றோரிடத்தில் சுந்தரர் கூறும் நொடித்தான்மலை. வெள்ளி என்ற சொல்லிற் பனியின் நிறம் மட்டும் வந்து குளிர் வாராது நின்றுவிட்டது.

இன்று திபெத்தில் உள்ள அம்மலை 6,638 மீற்றர் உயரமுடையது எனக் கணித்துள்ளனர். அதனினும் உயர்ந்த மலைகள் மிகப்பல. எனினும் சுற்றிலும் தாழ்ந்த குன்றுகளிடையே தனித்து எழுதலால் அதன் தோற்றம் ஒப்பற்றது. ஆற்றுக் கூழாங்கற்கள் இறுகிய பாறை அடுக்கடுக்காய் நிற்க, அவ்வடுக்குகளிற் பனி தங்கி வெண்கோடுகள் இடுகின்றது. அடியில், கடல்மட்டத்துக்கு ஏறத்தாழ 4,590 மீற்றர் உயரத்தில், மானச வாவி. சிந்து, சட்லெச்சு, பிரமபுத்திரா, கர்ணாலி என்னும் பேராறுகள் அப்பகுதியிலேயே தோன்றுகின்றன. மரம் என்று சொல்லத்தக்கது அங்கு இல்லை; குட்டைப் புல்லும் முட்புதரும், காட்டுக்கழுதையும் கவரியும், வேனிலில் வாவிக்கு வரும் வாத்தும். வலம்வரும் வழி 52 கிலோமீற்றர். அதன் உயரமான கணவாய் 5,600 மீற்றருக்குக் குறையாதது. இந்துக்கள், பௌத்தர், சமணர், திபெத்தின் பழைய பொன் சமயத்தார் ஆகிய நால்வரும் போற்றுதலின் அதன் முடியில் எவரும் ஏறியதில்லை.

இம்மலையை நோக்கித் திருநாவுக்கரசர் நடந்தார் என்று சேக்கிழார் கூறுகின்றார். கால் தேய்ந்தபின் கையாலும், கை தேய்ந்தபின் மார்பாலும் ஊர்ந்தும் செல்லக் கூடவில்லை. ஆங்கொரு வாவியில் மூழ்கும்படி இறைவன் பணிக்க, மூழ்கியவர் எழுந்தது திருவையாற்றுக் குளத்தில். அங்கே கயிலைக் காட்சி கிடைத்தது. அக்காட்சியைப் பாடிய பதிகத்தை இலக்கிய மாணாக்கர் நிறுத்திப் படித்தல் வேண்டும். கயிலையைக் கண்டவர் பாட்டில் பனி இல்லை, பாறை இல்லை, சிகரமும் இல்லை. பிடியோடு களிறு வருகின்றது, பெடையோடு கோழி, மயில், கிளி, நாகோடு ஏறு. எல்லாம் காவிரிக்கரையில் நாளும் காணும் இணைகள். ஒவ்வொன்றையும் கண்டபின், முன்பு கண்டறியாதவற்றைக் கண்டதாக வியக்கின்றார். யானையையும் கோழியையும் அப்பர் முன்பு கண்டறியாரோ? எண்பதாண்டு வாழ்ந்தவர் என்பர், ஊர்தோறும் நடந்தவர். மலைக்குச் செல்லும் வழியிலே உடம்பைத் தேய்த்து இழந்து மீண்ட கண்ணுக்கு அவையே புதியனவாயின. இதனைக் கயிலையை அறியாமையால் நேர்ந்த வழு என்று கூறுவானும், அப்பர் கயிலையை நேரிற்கண்டு பாடினார் என்பதற்கு ஆதாரமாக்குவானும் ஒரே பிழையைச் செய்கின்றனர்: பாட்டை நிலப்படமாகப் பார்க்கின்றனர். அப்பர்க்கு மலை மறுக்கப்பட்டது. மறுக்கப்பட்ட மலைக்கு ஈடாகத் தம் ஊர் கொடுக்கப்பட்டது. இதனினும் துணிவான மலைப்பாட்டு உலக இலக்கியத்தில் எத்துணை உளது என்று தேடிக் காண்க.

ஆங்கிலக் கவி ஷெல்லி 1816ஆம் ஆண்டு ஆடி மாதம் சமொனிப் பள்ளத்தாக்கிலே ஆர்வ் ஆற்றுப் பாலத்தில் நின்று மொன்பிளாங்கு சிகரத்தை நோக்கிப் பாடினார். அவரும் முடியில் ஏறியவரல்லர். ஆனால் அவரது மலையில் ஆள் இல்லை. எவரும் காணாத உயரத்தில் பனி வீழ்வதும், ஓசையின்றி அங்கே காற்று மோதுவதும் அவர் சிந்தையைக் கவர்ந்தன. தமிழ்த் திணைமரபில் பயின்ற கவிக்கு இத்தகைய மலை பாடுபொருளாதல் கடினம். நிலமும் பொழுதும் முதற்பொருள். தெய்வம், உணவு, விலங்கு, மரம், புள், பறை, யாழ் ஆகியவை கருப்பொருள். இவையிரண்டும் உரிப்பொருளாகிய மனித ஒழுக்கத்துக்காகவே நிற்பன. உயிரற்ற உச்சியிலே கருப்பொருள் ஏது? ஆகவே தமிழ்க்கவி அங்கே மானையும் முருக்கையும் களிற்றையும் குடியேற்றினான். வெறுமையைப் பாடும் ஆற்றல் தமிழுக்கு அதனால் வாராது போயிற்று என்று ஒருவர் குறை கூறலாம். அக்குறையில் உண்மையும் உண்டு. ஷெல்லி கண்ட மௌனம் தமிழ்ப்பாட்டில் மிக அரிது. அதனை மறைக்க வேண்டுவதில்லை.

பனிவரையை நேரிலே கண்டு, அதன் எதிரே வாழ்ந்து, தமிழும் எழுதிய அறிஞர் ஒருவரது சமாதி கல்லடி உப்போடையில் உளது. விபுலாநந்த அடிகள் 1939 முதல் 1941 வரை மாயாவதி அத்துவைத ஆச்சிரமத்திலிருந்து பிரபுத்த பாரத இதழின் ஆசிரியராய்ப் பணியாற்றினார். மாயாவதி குமாவோன் மலையில், ஏறத்தாழ 6,400 அடி உயரத்தில், செவியர் தம்பதியரின் முயற்சியால் 1899இல் அமைந்த இடம். தேவதாரு மரங்களுக்கு அப்பால் பனித்தொடர் நெடுகத் தோன்றும். நந்தாதேவியின் 7,816 மீற்றர் முடியும் அத்தொடரிலே உளது. அடிகள் அங்கே செல்வதற்கு மூன்றாண்டு முன்னரே, 1936இல், தில்மனும் ஓடெல்லும் அம்முடியில் ஏறிவிட்டனர். அவ்விதழ் 1896இல் சென்னையிலே தொடங்கியபோது ஆசிரியராய் இருந்தவர் கமலாம்பாள் சரித்திரம் எழுதிய ராஜமையர் என்பதும் எண்ணத்தக்கது. தென்கோடியில் தமிழர் ஒருவர் ஆசிரியராய் நடத்திய இதழ் பனிமலைக்கு ஏறி, நாற்பதாண்டு கழித்து மற்றொரு தமிழர் கைக்கு வந்தது.

பனிமலையைப் பற்றி மாணாக்கர் எதிர்பார்க்கும் பெருநூல் அடிகளிடமிருந்து வந்திலது. வந்தது யாழ்நூல். 1947 ஆனி மாதம் திருக்கொள்ளம்பூதூரிலே அரங்கேறிய அந்நூல் இளங்கோவடிகளின் அரங்கேற்று காதையை அடியாகக் கொண்டு பழந்தமிழ் இசையை ஆராய்வது. அடிகளின் கவிகளுள் மட்டக்களப்பார் நெஞ்சில் நிற்பதும் வாவியின் இசையைப் பாடிய நீரர மகளிரே. அப்பரைப் போலவே இவரும் வடக்கே சென்று தம் ஊரைக் கண்டார் என்று கூறத் தோன்றும். கூறலாகாது. இஃது அழகிய ஒப்புமையாயினும், மனிதர் செய்த பணிக்குக் காரணம் ஒப்புமையால் விளங்குவதில்லை. அடிகளுக்கு யாழாராய்ச்சி மாயாவதிக்கு முன்பே தொடங்கிய வேலை. மலை அதனை நிறுத்தவில்லை, அவ்வளவே.

1983க்குப் பின்னர் ஈழத்தமிழர் பல்லாயிரவர் பனிநாடுகளிற் குடியேறினர்; அவருட் பலர் மொன்பிளாங்கு நிற்கும் அதே அல்ப்சு மலைத்தொடரின் அடியிலே, சுவிற்சர்லாந்தில் வாழ்கின்றனர். அவர்தம் எழுத்துக்களை இந்திரா பார்த்தசாரதியும், மட்டக்களப்பிலே ஆசிரியத் தொழில் செய்த எஸ்.பொ.வும் 1994இல் பனியும் பனையும் என்ற தலைப்பில் தொகுத்தனர். பனியும் பனிசார்ந்த நிலமும் ஆறாந்திணை என்று கூறுவாரும் உளர். சொல் கவர்ச்சியுடையது, ஆயின் திணை என்பது நிலத்தின் பெயர் மட்டுமன்று. அவ்வெழுத்துக்களில் மிகுதியும் வரும் பனி, தெருவிலும் தொடர்வண்டி நிலையத்திலும் விழுந்து சேறாகும் பனி. அதன் உரிப்பொருள் பிரிவு. பிரிவுக்கு இலக்கணம் பாலையை முன்னரே வகுத்துள்ளது. பாலைக்குத் தனி நிலம் இல்லை என்றும், முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்து பாலையாகும் என்றும் இளங்கோவடிகள் கூறினார். வெயிலால் திரிந்த நிலம் பாலையாயின் குளிரால் திரிந்த நிலமும் பாலையே எனல் பொருந்தும். ஆறாந்திணை வேண்டுவோர் இதற்கு விடை கூறக் கடமைப்பட்டவர். தெருப்பனியை விட்டு மேலேறி, புல்லும் புள்ளும் ஒழிந்த உச்சியைத் தமிழில் எழுதத் துணிவார்க்கோ திணை ஒன்றும் கைகொடாது; நீலப் பைஞ்சுனையின் நிறம் ஒன்றை நக்கீரர் வைத்துச் சென்றுள்ளார்.